கடற்கரையில் உட்கார்ந்துகொண்டு ஒரு மலைத்தொடரை உருவாக்குவது எப்படி

எங்கள் ராமநாதபுரம் கரையில் மலை கிடையாது. தொண்டியில் தொடங்கி தேவிபட்டினம், மண்டபம், கீழக்கரை, ஏர்வாடி, வாலிநோக்கம் என்று கரையோரமாகவே போனாலும் பனைமரத்தை விட உயரமாகக் கண்ணில் படுவது கோயில் கோபுரம், பள்ளிவாசல் மினாரா, கலங்கரை விளக்கம், செல்போன் கோபுரம், இவ்வளவுதான். ராமேஸ்வரத்தில் கந்தமாதன பர்வதம் இருக்கிறது. பெயரில் பர்வதம் இருந்தாலும் அது மணல் மேடுதான், ஆனாலும் தீவிலேயே உயரமான இடம் அதுதான். மாயக்கதை எழுதவோ விளையாட்டுக்கு ஓர் உலகம் அமைக்கவோ ஆசைப்படுகிற நம்மூர்ப் பிள்ளைகள் பலர் என்னிடம் முதலில் கேட்பது, மலையையே ஒழுங்காகப் பார்க்காத நான் மலையை எப்படி எழுதுவது என்றுதான். எழுதலாம். மலையடிவாரத்தில் பிறந்தவருக்கு இல்லாத ஒரு வசதி நமக்கு இருக்கிறது. மலை செய்கிற வேலையெல்லாம் வந்து முடிகிற இடத்தில் நாம் உட்கார்ந்திருக்கிறோம்.

நான் முதலில் வரைந்த மலைத்தொடரில் எல்லாம் இருந்தது. எல்லா உச்சியிலும் பனி, நடுவில் ஏரி, அந்த ஏரியிலிருந்து ஐந்து திசைக்கு ஐந்து ஆறு, இரண்டு பக்கமும் ஒரே மாதிரி அடர்ந்த காடு. கடலுக்குப் போய்வருகிற என் சித்தப்பா அந்தப் படத்தைக் கையில் வாங்கி ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, "அங்க என்ன காத்துடா அடிக்கும்? கச்சானா, வாடையா?" என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. "காத்து எந்தப் பக்கம்னு தெரியாம மழை எந்தப் பக்கம்னு எப்படிச் சொல்லுவ? மழை தெரியாம ஆறு ஏது?" என்றார். அந்தப் படத்தை மடித்து வைத்துவிட்டுப் புதிதாகத் தொடங்கினேன். இன்றைக்குப் புதியவர்களுக்கு நான் சொல்லுகிற வரிசை அன்று கிடைத்ததுதான்: முதலில் காற்று, அப்புறம் மழை, நீர் போகும் வழி, நீர் முடியும் இடம், பிறகு கல், உயரம், மரம், விலங்கு, கடைசியில் மனிதர். உச்சியை வரைகிற ஆசை எல்லோருக்கும் முதலிலேயே வரும், அதைக் கொஞ்சம் அடக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

தேவைப்படுவது ஒரு நோட்டு, பென்சில், அளவுகோல், தண்ணீர் பிடிக்க ஒரு பிளாஸ்டிக் பாட்டில், கொஞ்சம் ஈர மணல்.

முதலில் காற்று

மலை தெரியாது என்று சொல்கிறோமே, நம் வாழ்க்கையே ஒரு மலையின் மழைமறைவில்தான் நடக்கிறது. ஜூன் முதல் செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று அரபிக்கடலிலிருந்து ஈரத்தைச் சுமந்துகொண்டு வருகிறது. மேற்குத் தொடர்ச்சி மலை குறுக்கே நிற்பதால் காற்று மேலே ஏறியாக வேண்டும். ஏறும் காற்று விரிகிறது, விரிந்தால் குளிர்கிறது, குளிர்ந்தால் அதிலிருக்கும் ஈரம் துளியாகி விழுகிறது. கேரளத்துப் பக்கம் கொட்டித் தீர்த்துவிட்டு மலையைத் தாண்டி இந்தப் பக்கம் இறங்கும்போது அதே காற்று அமுங்கிச் சூடாகிறது, ஈரமும் மிச்சமில்லை. அதுதான் நம் முகத்தில் புழுதியை அள்ளிப் போடுகிற கச்சான் காற்று. நமக்கு மழை வருவது அக்டோபர் முதல் டிசம்பர் வரை, காற்று திசை மாறி வங்காள விரிகுடாவிலிருந்து வாடையும் கொண்டலுமாக வரும்போதுதான். நூற்றைம்பது கிலோமீட்டருக்கு அப்பால் கண்ணுக்கே தெரியாமல் நிற்கிற மலை, நம் கண்மாய் எந்த மாதம் நிறையும் என்பதைத் தீர்மானிக்கிறது.

ஆகவே நோட்டில் முதல் பக்கத்தில் மலையை வரையாதீர்கள். கடல் எந்தப் பக்கம், ஈரக்காற்று எந்தப் பக்கத்திலிருந்து, எந்த மாதங்களில் வரும், வறண்ட காற்று எப்போது, இதை மட்டும் அம்புக்குறி போட்டு எழுதுங்கள். பிறகு அந்த அம்புக்குறிக்குக் குறுக்கே ஒரு கோடு இழுங்கள். அதுதான் உங்கள் மலைத்தொடர். காற்றுக்குக் குறுக்கே இல்லாமல் காற்றோடு இணையாக மலை ஓடினால் மழைமறைவு அவ்வளவாக இருக்காது, அதுவும் ஒரு நல்ல தேர்வுதான், ஆனால் தெரிந்தே செய்ய வேண்டும்.

எடுத்துக்காட்டுக்கு நான் உருவாக்கிய தொடரையே சொல்லிக்கொண்டு போகிறேன். அதற்கு உவர்வரை என்று பெயர், ஏன் அந்தப் பெயர் என்பது பின்னால் வரும். நம்மூருக்குக் கண்ணாடி வைத்தது போல இடம் வலமாகத் திருப்பியிருக்கிறேன். கடல் கிழக்கே, ஈரக்காற்றும் கிழக்கேயிருந்து. தெற்கு வடக்காக 300 கி.மீ. நீளம், கடலிலிருந்து 60 கி.மீ. உள்ளே மலையடிவாரம். கிழக்குச் சரிவு நனைந்துகொண்டே இருக்கும், மேற்குச் சரிவு காய்ந்து கிடக்கும். இந்த ஒரே முடிவிலிருந்து பாதிக் கதை தானாகவே வந்துவிட்டது, அதை நீங்களே பார்ப்பீர்கள்.

தொடர் முழுக்க ஒரே சுவராக விட வேண்டாம், ஓரிடத்திலாவது கணவாய் வையுங்கள். பாலக்காட்டுக் கணவாய் வழியாக வருகிற ஈரக்காற்று கோயம்புத்தூர்ப் பக்கத்தைக் குளிர்விப்பது போல, உவர்வரையின் நடுவே பத்து கிலோமீட்டர் அகலத்துக்கு ஓர் இடைவெளி வைத்தேன். வறண்ட மேற்கில் அந்த இடத்துக்கு நேராக மட்டும் நாக்கு நீட்டியது போலப் பச்சை நிலம். மேற்கு நாட்டின் தலைநகர் எங்கே இருக்கும் என்று நான் யோசிக்கவே தேவையில்லாமல் போயிற்று.

தண்ணீர் எங்கே முடிகிறது

புதியவர்கள் அதிகமாகத் தவறு செய்வது ஆற்றில்தான். ஆறுகள் ஒன்றோடொன்று சேர்ந்துகொண்டே போகும், போகப்போகப் பிரியாது. பிரிவது பெரும்பாலும் கடலை நெருங்கி நிலம் தட்டையாகி வண்டல் படியும் கழிமுகத்தில்தான். ஏரிக்கு உள்ளே வருகிற வழி பல இருக்கலாம், வெளியேறும் வழி பெரும்பாலும் ஒன்றுதான், ஏனென்றால் கரையில் எது தாழ்வான இடமோ அங்கேதான் தண்ணீர் வழியும், வழிந்த இடம் அரிபட்டு இன்னும் தாழும். நம்மூர்க் கண்மாயைப் பார்த்தவர்களுக்கு இதைச் சொல்லவே வேண்டாம். வரத்துக்கால் எங்கே, மடை எங்கே, நிறைந்தால் எந்தக் கலுங்கில் மறுகால் போகும், அது அடுத்த எந்தக் கண்மாய்க்குப் போகும் என்பது ஊர்ப் பெரியவர்களுக்கு மனப்பாடம்.

இதைப் படித்துத் தெரிந்துகொள்வதை விட மணலில் செய்து பார்த்துவிடுங்கள். மண்டபம், ராமேஸ்வரம் பக்கம் இருப்பவர்கள் வடக்குக் கரைக்குப் போங்கள், பாக் நீரிணைப் பக்கம் பெண்கடல், அலை அதிகம் அடிக்காது. தெற்கே ஆண்கடல் பக்கம் வைத்தால் நீங்கள் கட்டி முடிப்பதற்குள் அலை வந்து எடுத்துக்கொண்டு போய்விடும். ஈர மணலில் ஒரு மீட்டர் நீளத்துக்கு, அரையடி உயரத்துக்கு ஒரு தொடர் கட்டுங்கள். ஒரு பக்கம் செங்குத்தாக, மறுபக்கம் சாய்வாக. பாட்டில் மூடியில் ஊசியால் பத்துப் பன்னிரண்டு துளை போட்டு, ஈரக்காற்று வருகிற பக்கத்தில் மட்டும் மழை பெய்யுங்கள். இரண்டு பாட்டில் தண்ணீரிலேயே ஓடைகள் தோன்றும், சின்னது பெரியதோடு சேரும், செங்குத்தான பக்கத்தில் ஓடை குட்டையாகவும் ஆழமாகவும் அறுக்கும், அடிவாரத்துக்கு வந்ததும் சுமந்துவந்த மணலை விசிறி போலப் பரப்பிவிட்டு அதன் மேலேயே பல கிளையாகப் பிரியும். எந்த வரைபட மென்பொருளும் சொல்லித்தராத அளவுக்கு அந்தக் கால் மணி நேரம் சொல்லித்தரும். மேலிருந்து செல்போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள், அதையே பார்த்து வரைபடத்தில் ஆறுகளைப் போடலாம்.

ஆற்றை வரையும்போது தொடங்கும் இடத்திலிருந்து வரையாமல் முடியும் இடத்திலிருந்து மேல்நோக்கி வரைய வேண்டும் என்பது என் பிடிவாதம். வருசநாட்டு மலைகளில் பிறக்கிற வைகை, தேனி, மதுரை, சிவகங்கை எல்லாம் கடந்து 258 கி.மீ. வந்து ராமநாதபுரம் பெரிய கண்மாயில் சேர்கிறது. பெரிய கண்மாய் நிறைந்து மிஞ்சினால்தான் ஆற்றங்கரை என்ற ஊர்ப் பக்கம் கடலைத் தொடும். கடல் வரைக்கும் வந்துவிட்டு, கடலுக்குப் போக முடியாமல் கண்மாயில் தங்கிவிடுகிற ஆறு. மேலேயிருந்து வரைந்திருந்தால் இப்படி ஒரு முடிவு யாருக்கும் தோன்றாது, கோட்டைக் கடலில் கொண்டுபோய் முட்டியிருப்பார்கள். உவர்வரையின் மேற்குப் பக்கம் ஒரே ஓர் ஆறுதான், அதை இப்படித்தான் முடித்திருக்கிறேன், நானூறு கண்மாய்களாக. கண்மாய்க் கரையைக் காப்பதும் மடை திறக்கும் முறையை வைத்துச் சண்டை போடுவதும்தான் அந்த நாட்டின் அரசியல்.

கிழக்கே மூன்று ஆறு, எல்லாம் குட்டையானவை, வேகமானவை. அவை கடலில் சேரும் இடத்தில் வண்டலும் நன்னீரும் கலப்பதால் பவளப்பாறை வளராது. பவளத்துக்குத் தெளிந்த உப்புநீர் வேண்டும். ஆகவே என் கற்பனைக் கடற்கரையில் முகத்துவாரங்களுக்கு இடையில்தான் பார், அதாவது பவளப்பாறைத் திட்டு, இருக்கும், மீன் அங்கேதான் கூடும், மீனவர் ஊர்களும் அங்கேதான். மலை எங்கே இருக்கிறது என்பது வலை எங்கே போடுவது என்பது வரைக்கும் வந்துவிட்டது பாருங்கள். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளைச் சுற்றிப் பாரும், பாக் நீரிணையில் கடல்பசு மேய்கிற கடற்புல் வெளியும் பார்த்து வளர்ந்தவர்கள் இந்த இடத்தில் அவசரப்படாமல் எழுதுங்கள். மற்றவர்கள் எழுதும் மலை அடிவாரத்தோடு நின்றுவிடும், உங்கள் மலை கடலுக்குள்ளும் போகும்.

இன்னொன்று. நீரைப் பிரிக்கும் முகட்டைத் தாண்டி ஒரு பக்கத்துத் தண்ணீர் மறுபக்கம் தானாகப் போகாது, யாராவது மலையைக் குடைந்தால்தான் போகும். முல்லைப் பெரியாறு அணை 1895-இல் முடிந்தபோது மேற்கே ஓடிய பெரியாற்றுத் தண்ணீர் சுரங்கம் வழியாகக் கிழக்கே வைகைக்கு வந்தது. மாயக்கதைக்கு இதை விடப் பெரிய விதை எனக்குத் தெரியவில்லை, வறண்ட பக்கத்து அரசன் ஈரமான பக்கத்து ஆற்றைத் திருப்ப நினைக்கிறான், அவ்வளவு போதும்.

கல் எங்கேயிருந்து வந்தது

மலை உருவாவதற்கு நாலைந்து வழிதான். எரிமலையானால் தனித்தனிக் கூம்புகள், கறுத்த கல், வளமான மண். நிலத்தட்டுகள் முட்டி மடிந்தால் இமயமலை போலக் கூரான, உயரமான தொடர். பழைய பீடபூமியின் விளிம்பு காலப்போக்கில் அரிபட்டு நின்றால் மேற்குத் தொடர்ச்சி மலை போல ஒரு பக்கம் செங்குத்து, மறுபக்கம் சாய்வு. புதிய மலை கூராக இருக்கும், பழைய மலை மழுங்கியிருக்கும். இவ்வளவு தெரிந்தால் தொடங்குவதற்குப் போதும்.

ஆனால் கடற்கரைக்காரருக்கு ஒரு வழி ரொம்பப் பொருந்தும். எவரெஸ்ட் உச்சியில் இருப்பது சுண்ணாம்புக்கல், அதில் கடல் உயிர்களின் தடம் இருக்கிறது. பழைய கடலடி இரண்டு நிலத்தட்டுகளுக்கு நடுவே நெரிபட்டு மேலே போய்விட்டது. பூசையறைகளில் வைத்திருக்கிற சாளக்கிராமம் நேபாளத்துக் கண்டகி ஆற்றில் கிடைப்பது. அதற்குள் இருக்கும் சக்கரம், அழிந்துபோன ஒரு கடல் உயிரின் ஓடு. தனுஷ்கோடியில் 1964 புயலுக்குப் பிறகு இடிந்து நிற்கிற தேவாலயச் சுவரில் பவளக்கல்லைத் தொட்டுப் பார்த்திருப்பீர்கள், உயிராக இருந்து கல்லானது அது. அந்தக் கல் மூவாயிரம் மீட்டர் உயரத்தில் இருந்தால் எப்படி என்று நினைத்த அன்றுதான் உவர்வரை எனக்குக் கிடைத்தது.

உவர்வரை முன்பு கடலாக இருந்தது. கடல் வற்றும்போது படிந்த உப்பு பாறைக்கு நடுவே அடுக்காக மாட்டிக்கொண்டு மேலே வந்துவிட்டது. இது வெறும் கற்பனையும் இல்லை, பாகிஸ்தானில் கேவ்ரா உப்புச் சுரங்கம் இப்படி ஒரு பழைய கடல் விட்டுப்போன உப்பைத்தான் மலைக்குள்ளிருந்து வெட்டுகிறது. ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டியிருந்தது: உப்பு கரையும். மழை கொட்டுகிற கிழக்குச் சரிவில் உப்புப் பாறை வெளியே தெரியவே தெரியாது, கரைந்து ஓடியிருக்கும், அங்கே உவர்ச் சுனைகள் மட்டும் இருக்கும். காய்ந்த மேற்குச் சரிவில்தான் வெள்ளை வெளேரென்று உப்புச் சுவர் நிற்கும். இப்படி ஒவ்வொரு முறை புதிதாக ஒன்றைச் சேர்க்கும்போதும் பழைய பக்கத்துக்குப் போய் காற்றைக் கேட்டுவிட்டு வாருங்கள்.

இப்போது உயரம்

உயரத்துக்கு நம்மிடம் நல்ல அளவுகோல் இருக்கிறது. ராமேஸ்வரம் தொலைக்காட்சிக் கோபுரம் 323 மீட்டர். அதன் கீழே நின்று அண்ணாந்து பாருங்கள். தென்னிந்தியாவிலேயே உயரமான ஆனைமுடி 2695 மீட்டர், எட்டுக் கோபுரத்துக்குச் சற்று மேலே. உவர்வரையின் உச்சியைச் சரியாகப் பத்துக் கோபுரம், 3230 மீட்டர் என்று வைத்தேன். எண்ணை விட இப்படி வைத்துக்கொண்டால் எழுதும்போது கை தடுமாறாது.

அடுத்து வெப்பம். ஆயிரம் மீட்டர் ஏறினால் சராசரியாக ஆறரை டிகிரி குறையும். கரையில் 32 டிகிரி என்றால் 2100 மீட்டரில் உள்ள கொடைக்கானலில் 18, 19. உவர்வரை உச்சியில் 11. இரவில் உறைபனி படியலாம், ஆனால் நிரந்தரமான பனி நிற்காது. நம்மைப் போன்ற வெப்ப நாட்டில் ஆண்டு முழுவதும் பனி நிற்க வேண்டுமானால் ஏறக்குறைய 5000 மீட்டர் போக வேண்டும். அடிவாரத்தில் தென்னையும் உச்சியில் பனியும் வேண்டுமென்றால் மலையை அவ்வளவு உயரமாக்குங்கள், ஆக்க மனமில்லை என்றால் பனியை விட்டுவிடுங்கள். முதல் படத்தில் நான் போட்ட பனியை அழிக்கத்தான் எனக்கு மனசே வரவில்லை, இருந்தாலும் அழித்தேன், அந்த இடத்தில் மூடுபனி வந்தது, கதைக்கு அது இன்னும் நன்றாகவே உதவியது.

படம் வரையும்போது ஒரு சென்டிமீட்டருக்கு 15 கி.மீ. என்று வைத்தால் 300 கி.மீ. தொடர் 20 செ.மீ.க்குள் அடங்கும், ஏ4 தாளில் கடலுக்கும் இடம் மிச்சம் இருக்கும். குறுக்கு வெட்டுப் படத்தில் ஒரு விஷயம் உங்களை அதிர வைக்கும். அடிவாரத்திலிருந்து முகடு 25 கி.மீ. தள்ளி இருக்கிறது, உயரமோ மூன்றேகால் கி.மீ.தான். சரியான அளவில் வரைந்தால் மலை தோசைக்கல்லில் பரவிய மாவு மாதிரி தட்டையாகத் தெரியும். உயரத்தை மட்டும் நான்கு மடங்காக்கி வரைந்துகொள்ளுங்கள், மடங்கு எவ்வளவு என்பதை ஓரத்தில் எழுதி வையுங்கள். எழுதாவிட்டால் பிறகு அந்தப் படத்தை நம்பி, நடக்கவே முடியாத செங்குத்தில் உங்கள் ஆளை ஏற்றிக்கொண்டிருப்பீர்கள்.

உயிர்கள்

நம் பழைய இலக்கணக்காரர்கள் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்று வைத்து, அதற்கு அப்புறம்தான் கருப்பொருள் என்று தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, பறை, தொழில், யாழ் எல்லாவற்றையும் வரிசைப்படுத்தினார்கள். கற்பனை உலகம் அமைக்க இதை விடச் சுருக்கமான பட்டியல் நான் பார்த்ததில்லை. நோட்டில் ஒவ்வொரு உயர அடுக்குக்கும் ஒரு பக்கம் ஒதுக்கி இந்த எட்டையும் எழுதி நிரப்பிக்கொண்டே போங்கள்.

அடுக்குகளை மேற்குத் தொடர்ச்சி மலையிலிருந்து தாராளமாக எடுத்துக்கொள்ளலாம். மழைமறைவு அடிவாரத்தில் முள்காடு, அதற்கு மேலே இலையுதிர் காடு, ஈரப் பக்கம் பசுமை மாறாக் காடு, ஏறத்தாழ 1800 மீட்டருக்கு மேல் புல்வெளியும் அதன் மடிப்புகளில் சோலைக்காடும். மேலே போகப்போக மரம் குட்டையாகும், பாசி அதிகமாகும். இரண்டு சரிவிலும் ஒரே உயரத்தில் ஒரே காடு இருக்காது. உவர்வரையின் மேற்கு அடிவாரத்தில் நம்மூர்க் குடைவேல், பனை மாதிரி மரங்களையே வைத்திருக்கிறேன், நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கிற மரத்தை எழுதினால் வெயில் தானாக எழுத்துக்குள் வந்துவிடும்.

விலங்குகளுக்கு வருவோம், எல்லோருக்கும் பிடித்த இடம். ஒரு விதியை மட்டும் சொல்வேன்: ஒவ்வொரு உயிருக்கும் அது அங்கே இருப்பதற்கு மலையிலேயே ஒரு காரணம் இருக்க வேண்டும். மலைக்காடுகளில் யானையும் மானும் உப்பு மண்ணைத் தேடிப்போய் நக்கும். உவர்வரையில் அதை வைத்து உவராடு என்று ஒரு காட்டாடு. வரையாட்டைப் போலப் பாறையில் நடக்கும், மேய்வது ஈரமான கிழக்குப் புல்வெளியில், உப்புக்காக மாதம் ஒருமுறை முகட்டைத் தாண்டி மேற்குச் சுவருக்குப் போயாக வேண்டும். மந்தை மந்தையாகக் கணவாயைக் கடக்கிற அந்த ஓரிரு நாளை நம்பித்தான் வேட்டையாடும் விலங்கு, வேடர், கழுகு எல்லாம்.

வேட்டை விலங்கு யாளி. கோயில் தூண்களில் சிங்க உடலும் துதிக்கையுமாக நிற்கிறதே, அதுதான். துதிக்கை எதற்கு என்று ரொம்ப நாள் யோசித்தேன். அது வாழ்வது மூடுபனி அடுக்கில், அங்கே கண் உதவாது, மோப்பம்தான் உதவும். சரி, எத்தனை யாளி இருக்கலாம்? இங்கேதான் கணக்குப் போட வேண்டும். புலிக்கு வாரம் ஒரு மான் அளவு இரை வேண்டும், ஆண்டுக்கு ஏறக்குறைய ஐம்பது. மந்தையில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் தின்றால் மந்தை தேய்ந்துவிடும் என்பதால், ஒரு புலிக்குப் பின்னால் ஐந்நூறு இரைவிலங்காவது இருக்க வேண்டும். யாளியைப் புலியைப் போல இரண்டு மடங்கு என்று வைத்தால் ஆயிரம் ஆடு. 30 யாளி என்றால் 30,000 உவராடு. அதற்கு மேல் என் மலை தாங்காது. ஆகவே யாளியை நேரில் பார்த்தவர்கள் ஊருக்கு ஒருவர்கூட இருக்க மாட்டார்கள். பயங்கரமான விலங்கைக் கூட்டம் கூட்டமாக அலைய விட்டால் பயம் போய்விடும், கணக்கும் உதைக்கும்.

சங்கப் பாடல்களில் வருகிற அசுணத்தை எனக்கு ரொம்பப் பிடிக்கும். இனிய இசையில் மயங்கும், பறையோசை கேட்டால் உயிரை விட்டுவிடும். இதை எங்கே வைப்பது? கிழக்குச் சரிவில் வைக்கவே முடியாது, அங்கே இடி இடித்துக்கொண்டே இருக்கும், முதல் பருவமழையிலேயே அத்தனையும் செத்துப்போகும். ஆகவே மேற்கே, இடி அரிதான உலர்ந்த பள்ளத்தாக்குகளில் வைத்தேன். அப்படியானால் அங்கே குடியிருக்கிறவர்கள் பறை அடிக்க மாட்டார்கள், கல்யாணமானாலும் சாவானாலும் குழலும் யாழும்தான். பத்தாண்டுக்கு ஒருமுறை மேற்கே தப்பி வருகிற இடிமழைதான் அவர்களுக்குப் பெரிய துக்கம். ஒரு விலங்கை வைக்கப்போய் ஒரு மக்களின் வழக்கம் கிடைத்தது. நான் இதுவரை உருவாக்கியதில் எனக்கு நிறைவு தந்தது இதுதான்.

உண்மையான உயிர்களையும் படித்து வைத்துக்கொள்ளுங்கள், கற்பனையை விட அவை தூரம் போகும். மேற்குத் தொடர்ச்சி மலையில் ஊதாத் தவளை என்று ஒன்று, ஆண்டின் பெரும்பகுதி மண்ணுக்கடியிலேயே இருந்துவிட்டு மழை தொடங்கும்போது சில நாள் மட்டும் இனப்பெருக்கத்துக்காக வெளியே வரும். அறிவியல் பெயர் கிடைத்ததே 2003-இல்தான். அதன் நெருங்கிய உறவினர் இருப்பது கடல் கடந்து செஷல்ஸ் தீவுகளில். இருவாட்சிப் பறவையில் பெண் மரப்பொந்துக்குள் தன்னை அடைத்துக்கொண்டு முட்டையிடும், ஆண் சின்ன இடுக்கு வழியாகப் பழம் ஊட்டும், அது சிந்துகிற விதையில்தான் காடு முளைக்கும்.

மலைக்கு ஒரு நாள்காட்டியும் வேண்டும், பலரும் மறப்பது இது. நீலக்குறிஞ்சி 12 ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும், 2006, 2018, அடுத்தது 2030. மிசோரமில் ஒருவகை மூங்கில் ஏறத்தாழ 48 ஆண்டுக்கு ஒருமுறை மொத்தமாகப் பூத்துக் காய்க்கும். அந்த விதையைத் தின்று எலி பெருகும், விதை தீர்ந்ததும் எலி வயலுக்கு இறங்கும், 1959-இல் அங்கே வந்த பஞ்சத்துக்குப் பின்னால் இருந்தது இதுதான். பூ, விதை, எலி, பசி. உங்கள் மலையிலும் இப்படி நீண்ட இடைவெளியில் வருகிற ஏதாவது ஒன்றை வைத்து, கதை அதற்கு எத்தனை ஆண்டு முன்னால் நடக்கிறது என்று குறித்து வையுங்கள்.

ஒருவரை நடக்க விடுங்கள்

எல்லாம் சரியாக இருக்கிறதா என்று பார்க்க, கடற்கரையிலிருந்து முகடு வரை ஓர் ஆளை நடத்திக் கூட்டிப்போங்கள். பழங்காலத்து உப்பு வணிகர்களான உமணர் மாதிரி, ஆனால் உப்புக்குப் பதில் கருவாட்டு மூட்டையோடு, ஏனென்றால் உப்பு இந்த மலையிலேயே இருக்கிறது. பொதி மாட்டோடு ஒரு நாளைக்கு 15 கி.மீ. என்றால் அடிவாரத்துக்கே நாலு நாள். ஏற்றத்தில் வேகம் பாதியாகும், இன்னும் நாலு நாள். ஒவ்வொரு இரவும் எங்கே தங்கினார், தண்ணீர் எங்கே கிடைத்தது, என்ன மரம், என்ன சத்தம், எந்த மணம் என்று எழுதுங்கள். 2500 மீட்டருக்கு மேல் கடற்கரைக்காரருக்குத் தலைவலியும் மூச்சிரைப்பும் வரலாம். மூவாயிரம் மீட்டரில் தண்ணீர் 90 டிகிரியிலேயே கொதித்துவிடும், சோறு வேக நேரமாகும், மேலே இருப்பவர்கள் அரிசியை விட்டுவிட்டு வேறு என்ன சாப்பிடுகிறார்கள் என்ற கேள்வி அங்கே எழும். இப்படி எட்டு நாள் நடக்கும்போது எங்காவது அவருக்குத் தண்ணீர் கிடைக்காமல் போனால், அல்லது காற்று மாறி அடித்தால், படத்தில் திருத்த வேண்டிய இடம் அதுதான்.

பெயரைக் கடைசியில் வையுங்கள். நம்மிடம் குன்று, வரை, சிலம்பு, அடுக்கம், சாரல், முகடு, விடர், சுனை என்று சொற்கள் கொட்டிக் கிடக்கின்றன, வாயில் நுழையாத ஒலிகளைக் கோத்துப் பெயர் கட்டத் தேவையில்லை. ஒரே உச்சிக்கு வேறு வேறு ஆட்கள் வேறு வேறு பெயர் வைப்பார்கள், அந்தப் பெயர் அவர்களுக்கு அந்த மலையோடு என்ன வேலை என்பதைச் சொல்லும். உவர்வரையின் பெரிய உச்சியை மேற்கே உள்ளவர்கள் மறைகல் என்பார்கள், அவர்களுக்கு வர வேண்டிய மழையை அது மறைக்கிறது. முகட்டில் ஆடு வேட்டையாடுகிறவர்களுக்கு அது நக்குப்பாறை.

இந்த இரண்டோடு நிறுத்தியிருந்தேன். புதிய படத்தையும் சித்தப்பாவிடம் கொடுத்தபோது அவர் கடல் பக்கத்தைத்தான் தடவிப் பார்த்தார். "இந்த மலை கண்ணுக்குத் தெரியுற வரைக்கும் எவ்வளவு தூரம் போகலாம்?" என்று கேட்டார். அதற்கு ஒரு கணக்கு இருக்கிறது. உயரத்தை மீட்டரில் எடுத்து, வர்க்கமூலம் கண்டு, 3.57-ஆல் பெருக்கினால் கிலோமீட்டர் வரும். 3230-க்கு 200 கி.மீ.க்குக் கொஞ்சம் மேலே. முகடு கரையிலிருந்து 85 கி.மீ. உள்ளே இருப்பதால், காற்று தெளிந்த நாளில், கரையே தெரியாத நடுக்கடலில் நூறு கிலோமீட்டருக்கு அப்பால் நிற்கிற படகுக்குக்கூட அந்த நுனி தெரியும். அதிலும் விடியற்காலையில், கடல் இன்னும் இருட்டாக இருக்கும்போதே, கிழக்கேயிருந்து வரும் வெளிச்சம் முதலில் அந்த நுனியில்தான் படும். இராத்தொழில் முடிந்து திரும்புகிறவர்கள் அதைப் பார்த்துத்தான் படகைத் திருப்புவார்கள். அவர்கள் வைத்த பெயரை அன்றைக்குத்தான் படத்தில் எழுதினேன்: முன்விடியான்.